மூணு ஏழு எட்டு ரெண்டு நாலு

பிப்ரவரி 26, திங்கள்

நஸ்ரின் சொன்னதால்தான் இதை எழுதுகிறேன். டைரி எழுதுகிற பழக்கமெல்லாம் எனக்குக் கிடையாது. இது என் வீட்டுக்காரரின் பேச்சுப் பயிற்சி நோட்டு. அவருக்குப் பக்கவாதம் வந்து இன்றோடு முப்பத்தெட்டு நாள். வலது கையும் காலும் கொஞ்சம் கொஞ்சமாகத் திரும்பி வருகின்றன. பேச்சுதான் வரவில்லை. நாம் சொல்வது அத்தனையும் புரிகிறது, பதிலுக்கு வாய் வரமாட்டேன் என்கிறது. பேச்சுப் பயிற்சி கொடுக்க வரும் பெண்தான் நஸ்ரின். என்ன சத்தம் வந்தது, எத்தனை மணிக்கு வந்தது, ஒன்று விடாமல் எழுதி வையுங்கள் ஆன்ட்டி, புதனும் சனியும் வந்து பார்க்கிறேன் என்றாள்.

இன்று வந்தவை: எழுந்ததும் "ம்". இட்லி வைத்தபோது "ம்". சட்னியில் உப்பு போட மறந்துவிட்டேன், அதற்கும் "ம்". நாற்பது வருஷமாக நீங்கள் பேசியதே இதுதானே, இதற்கு எதற்கு டாக்டர் என்று கேட்டேன். சிரித்தார். வாயின் ஒரு பக்கம் மட்டும் சிரித்தது. நான் அடுப்படிக்குப் போய்விட்டேன்.

பிப்ரவரி 28, புதன்

நஸ்ரின் வந்தாள். அவருக்குப் பிடித்த பொருளை எடுத்துக் கையில் கொடுங்கள், அதைப் பற்றிப் பேசிக்கொண்டே இருங்கள் என்றாள். நான் பீரோவின் மேலே கையைக் காட்டினேன். அவளே ஸ்டூல் போட்டு ஏறி அந்தக் கறுப்புப் பெட்டியை இறக்கினாள். உள்ளே சாக்ஸபோன். இடது கையால் தொட்டார். பிறகு என்னைப் பார்த்தார்.

கதையை நான் சொல்ல வேண்டியதாயிற்று. இவர் பெயர் சவரிராயன். திண்டுக்கல்லில் பேண்டு செட் வைத்திருந்தவர். கல்யாணம், கோயில் தேர், கல்லறைக்குப் போகிற ஊர்வலம் எல்லாவற்றுக்கும் வாசித்தவர். இந்த வாத்தியத்தை இவருடைய அப்பா 1951-ல் கொடைக்கானலில் ஒரு வெள்ளைக்கார பேண்டுக்காரரிடமிருந்து வாங்கினாராம். அப்பா பெயரும் வாங்கிய வருஷமும் பித்தளையில் குத்தியிருக்கும். இத்தனையும் இவர் சொல்லித்தான் எனக்குத் தெரியும். முப்பத்தொன்பது வருஷமாக நான் அதைத் தொட்டதில்லை. தூசு துடைப்பதும் அவரேதான். எனக்கு அந்த வாத்தியத்தின் மேல் கோபம் ஒன்றும் இல்லை. தொடத் தோன்றவில்லை, அவ்வளவுதான்.

இன்னொன்றும் சொன்னேன், நஸ்ரின் சிரித்துவிட்டாள். எந்த ஊர்க் கல்யாணத்துக்குப் போனாலும் இந்த மனிதர் பந்திக்குப் போவதற்கு முன்னால் அடுத்த பேண்டுக்காரனிடம் போவார். அவன் சாக்ஸபோனைக் கேட்டு வாங்கி, திருப்பி, முதுகுப் பக்கத்தைப் பார்ப்பார். நல்ல பீஸ் என்று சொல்லித் திருப்பிக் கொடுத்துவிடுவார். அடுத்தவன் வீட்டுப் பெண்ணை எட்டிப் பார்க்கிற மாதிரி இருக்கிறது, எனக்கு மானம் போகிறது என்று எத்தனையோ தடவை திட்டியிருக்கிறேன். 

மார்ச் 2, சனி

இன்று ஒரு விசேஷம். எண்ணுவதும் பாட்டும் மூளையில் வேறு மூலையில் இருக்குமாம், பேச்சு போனாலும் அது போகாதாம். நஸ்ரின் சொல்லிக்கொடுத்தபடி நான் ஒண்ணு, ரெண்டு என்று ஆரம்பித்தேன். கூடவே "ரெண்டு" என்றார். நிஜமான சொல்.

இப்போது நீங்களே எண்ணுங்கள் என்றாள். கொஞ்ச நேரம் வாயை மென்றார். பிறகு கடகடவென்று வந்தது: "மூணு ஏழு எட்டு ரெண்டு நாலு."

அது என்ன கணக்கு, மூன்றுக்கு அப்புறம் ஏழா என்று நான் அதட்டினேன். நஸ்ரின் என் கையைப் பிடித்துக்கொண்டாள். வந்ததே பெரிசு ஆன்ட்டி, எழுதி வைங்க என்றாள்.

மார்ச் 3, ஞாயிறு

காலை: மூணு ஏழு எட்டு ரெண்டு நாலு. மாலை: அதே. ரெஜினா பெங்களூரிலிருந்து வீடியோவில் பேசினாள். அப்பா, என் பேர் சொல்லுங்க என்றாள். அவளுக்கும் அதே.

மார்ச் 6, புதன்

சோப்பு வாங்க வேண்டும். பிசியோ தம்பி வரவில்லை. அதே ஐந்து எண், அதே வரிசை, ஆறு தடவை.

மார்ச் 9, சனி

எழுதலாமா வேண்டாமா என்று மத்தியானம் முழுக்க யோசித்தேன். நஸ்ரின் இன்று ஏதோ படிவம் நிரப்பினாள். பிள்ளைகள் எத்தனை பேர் என்று கேட்டாள். ஒரு பொண்ணு என்றேன். அவர் இடது கையைத் தூக்கி இரண்டு விரலைக் காட்டினார்.

நஸ்ரின் என்னைப் பார்த்தாள். இரண்டு என்றே போட்டுக்கொள் என்று சொல்லிவிட்டு டீ போடப் போனேன்.

முதலில் ஒரு பையன். 1985 பிப்ரவரி 11, திங்கட்கிழமை. தவக்காலம் வந்துவிட்டால் கல்யாணம் கிடையாது என்பதால் அந்த வாரம் முழுக்க பேண்டுக்காரர்களுக்கு ஓய்வில்லை. இவர் திருச்சியில் வாசித்துக்கொண்டிருந்தார். எனக்கு மாதம் முடியுமுன்பே வலி எடுத்து மிஷன் ஆஸ்பத்திரிக்குக் கொண்டுபோனார்கள். பன்னிரண்டு மணிக்குக் கல்யாண மண்டபத்துக்குப் போன் பண்ணிச் சொல்லியாயிற்று. இரண்டு மணி ரயில் ஏறினால் ஐந்து மணிக்கு இங்கே. பிள்ளை ஆறு மணி வரைக்கும் இருந்தான். இவர் எட்டு மணிக்கு வந்தார்.

அந்த மூன்று மணி நேரம் எங்கே போயிற்று என்று எனக்குத் தெரியும். எந்த நிகழ்ச்சி முடிந்தாலும் இவருக்கு முதல் வேலை வாத்தியத்தை வீட்டில் கொண்டுவந்து வைப்பதுதான். எங்கள் வீடு ஊரின் இந்தக் கோடி, ஆஸ்பத்திரி அந்தக் கோடி. வீட்டுக்குப் போய்ப் பெட்டியை பத்திரமாக வைத்து, துடைத்து, மூடிவிட்டு வந்திருக்கிறார். நான் கண்ணைத் திறந்தபோது இவர் வெறுங்காலோடு கதவருகே நின்றார். வாசலில் செருப்பைக் கழற்றிப் போடுகிற நிதானம்கூட அந்த மனிதருக்கு இருந்தது.

அதற்குப் பிறகு வத்தலக்குண்டில் அம்மா வீட்டில் நான்கு மாதம் கிடந்தேன். திரும்பி வந்தபோது பெட்டி பீரோ மேல் இருந்தது. ஒரே ஒரு தடவை கேட்டேன்: "பெட்டிய வீட்ல வெச்சிட்டுத்தான ஆஸ்பத்திரிக்கு வந்தீங்க?" பதில் சொல்லவில்லை. பேசாமல் இருந்தால் ஆமாம் என்றுதானே அர்த்தம். நானும் அதற்கப்புறம் கேட்கவில்லை. ரெஜினா பிறந்தாள், வளர்த்தோம், கட்டிக்கொடுத்தோம். நன்றாகத்தான் இருந்தோம்.

இந்தப் பக்கத்தை நஸ்ரினிடம் காட்டுவதற்கு முன்னால் கிழித்துவிட வேண்டும்.

மார்ச் 13, புதன்

கிழிக்கவில்லை. மறந்துவிட்டேன்.

அந்த ஐந்து எண் எதற்கோ உரியதாகத்தான் இருக்கும், அங்கிள் அதைப் பல வருஷம் மனப்பாடமாகச் சொல்லியிருக்கிறார், அதுதான் முதலில் வருகிறது என்றாள் நஸ்ரின். அது என்னவென்று கண்டுபிடித்துவிட்டால் அதைப் பிடித்துக்கொண்டு அடுத்த சொல்லுக்கு இழுக்கலாமாம். வீட்டைக் கவிழ்த்துவிட்டேன். ரேஷன் கார்டு, கேஸ் புத்தகம், எல்.ஐ.சி., பேங்கு புத்தகம், பழைய சைக்கிள் பில், ரெஜினாவின் பள்ளிக்கூட நம்பர். எதுவும் இல்லை. லாட்டரிச் சீட்டா என்று கேட்டேன். இல்லை என்று தலையை ஆட்டினார். யாராவது பொம்பளை வீட்டு போன் நம்பரா என்றேன். கண்ணில் தண்ணீர் வருகிற அளவுக்குச் சிரித்தார்.

மார்ச் 16, சனி

எனக்கே உதித்தது. இருபத்திரண்டு வருஷம் பூட்டுத் தொழிலாளர் சொசைட்டியில் பூட்டுக்கும் சாவிக்கும் நம்பர் குத்தியவள் நான். பித்தளையில் செய்த சாமானுக்கு நம்பர் இல்லாமல் இருக்குமா?

நஸ்ரின் இருக்கும்போதே பெட்டியைத் திறந்தேன். முப்பத்தொன்பது வருஷத்துக்குப் பிறகு அதைத் தூக்கினேன், நினைத்ததைவிட கனம். முதுகுப் பக்கம், வலது கட்டைவிரலை வைக்கிற கொக்கிக்குக் கீழே, சின்னதாக நம்பர் இருந்தது. கண்ணாடி போட்டுப் படித்தேன். இரண்டு, ஆறு, எட்டு, நான்கு, ஐந்து, ஒன்று. ஆறு எண். இவர் சொல்வதோ ஐந்து. சப்பென்று ஆகிவிட்டது.

நஸ்ரின் விடவில்லை. இந்த நம்பரை வைத்து வாத்தியம் எந்த வருஷம் செய்தது என்று பார்க்கலாம் ஆன்ட்டி, தாத்தா காலத்துக் கதையெல்லாம் சொன்னால் அங்கிளுக்குப் பேச ஆசை வரும் என்று போனில் தேடினாள். பிரான்ஸ் நாட்டுக் கம்பெனி. எந்த வருஷம் எந்த நம்பரில் ஆரம்பித்தது என்று ஒரு பட்டியல் இருக்கிறது. அது எனக்கு உடனே புரிந்தது, எங்கள் சொசைட்டியிலும் நோட்டு அப்படித்தான் இருக்கும். விரலை வைத்து இறக்கிக்கொண்டே வந்தாள்.

1977.

தப்பாகப் பார்க்கிறாய், என் மாமனார் செத்ததே 1972 என்றேன். மறுபடி பார்த்தாள். அதேதான். நான் அவரைத் திரும்பிப் பார்த்தேன். அவர் ஜன்னலைப் பார்த்துக்கொண்டிருந்தார்.

மார்ச் 17, ஞாயிறு

இன்று அவரோடு நான் பேசவில்லை. அவரும் பேசவில்லை என்று அதற்கும் கோபம் வந்தது. அவரால் முடியாது என்பது மாலையில்தான் ஞாபகம் வந்தது. மாத்திரையைத் தண்ணீரோடு கையில் கொடுத்து, போர்வையை இழுத்துவிட்டேன்.

மார்ச் 18, திங்கள்

மாமனார் செத்து ஐந்து வருஷம் கழித்துச் செய்த வாத்தியத்தில் அவர் பெயர் எப்படி வந்தது? பெட்டியைத் திறந்து, விரித்த வாய்ப் பக்கத்தில் குத்தியிருக்கிற எழுத்தைப் பார்த்தேன். மாமனார் பெயர், அதற்குக் கீழே 1951.

அந்த ஐந்துக்கு வால் இல்லை.

கம்பெனி குத்திய நம்பரில் இருக்கிற ஐந்துக்கு வால் முழுசாக இருக்கிறது. மாமனார் வருஷத்தில் இருக்கிற ஐந்துக்கு வால் முனை உடைந்திருக்கிறது. அந்த உடைந்த ஐந்தை எனக்கு என் கையெழுத்து மாதிரித் தெரியும். எங்கள் சொசைட்டியில் என் மேஜையில் கிடந்த நம்பர் உளி அது. 1983-ல் நான்தான் கீழே போட்டு உடைத்தேன். மேஸ்திரி என்னைத் திட்டினார், வேறு வாங்கித் தரவில்லை, அதிலேயே குத்திக்கொண்டிருந்தோம். அந்த வருஷத்து திண்டுக்கல் பூட்டில் பாதிக்கு மேல் ஐந்துக்கு வால் கிடையாது.

கொடைக்கானலில் வெள்ளைக்காரன் காலத்தில் குத்திய எழுத்து என்று நம்பிக்கொண்டிருந்தேன். என் மேஜை உளியால் குத்தியிருக்கிறார்கள். நான் வேலைக்கு வராத நாளில்.

மார்ச் 20, புதன்

நஸ்ரினிடம் சொன்னேன். அங்கிள் சொல்கிற நம்பரை அதே பட்டியலில் போட்டுப் பார்ப்போமா என்றாள். முப்பத்தேழாயிரத்து எண்ணூற்று இருபத்து நான்கு. விரல் மேலே மேலே போயிற்று. 1948-ல் நின்றது.

1948-ல் செய்தது, 1951-ல் ஒருவர் கைமாற்றி வாங்கியிருக்கலாம். கணக்கு சரியாகத்தான் வருகிறது. அப்படியானால் மாமனார் வாத்தியம் வேறு. அந்த நம்பரைத்தான் இவர் சொல்லிக்கொண்டிருக்கிறார். அது எங்கே போயிற்று? வித்துட்டீங்களா என்று கேட்டேன். இல்லை என்று தலையாட்டினார். பிறகு கண்ணை மூடிக்கொண்டார், அதற்கு மேல் எதற்கும் திறக்கவில்லை. 

அங்கிளை ரொம்ப நெருக்காதீங்க ஆன்ட்டி என்று சொல்லிவிட்டுப் போனாள். நெருக்கவில்லை. ரசம் சாதத்தைக் குழையப் பிசைந்து ஊட்டினேன்.

மார்ச் 25, திங்கள்

அருளப்பன் வந்தார். இவர் செட்டில் முப்பது வருஷம் கிளாரினெட் வாசித்தவர். பகலில் எங்கள் சொசைட்டியில் அரத்தால் சாவி ராவுவார், முகூர்த்த நாளில் கிளாரினெட் ஊதுவார். குருத்து ஞாயிற்று ஓலையில் ஒரு சிலுவை மடித்துக் கொண்டுவந்திருந்தார். அவரை வாசலுக்குக் கூட்டிப்போய், அண்ணே, மூணு ஏழு என்று ஆரம்பித்து நிறுத்தினேன்.

"எட்டு ரெண்டு நாலு," என்றார். சொல்லிவிட்டு வாயில் கையை வைத்துக்கொண்டார்.

முதலில் மழுப்பிப் பார்த்தார். வால் இல்லாத ஐந்தைச் சொன்னதும் படியில் உட்கார்ந்துவிட்டார்.

அன்றைக்கு செட்டைத் திருச்சியிலேயே விட்டுவிட்டு இவர் மட்டும் ஏறிய ரயில் தாமரைப்பாடி பக்கத்தில் நின்றுவிட்டதாம். முன்னால் ஏதோ கூட்ஸ் வண்டி நகரவில்லை, எப்போது கிளம்பும் என்று யாருக்கும் தெரியவில்லை. ஒரு மணி நேரம் பார்த்தாராம். அப்புறம் குதித்து இறங்கித் தண்டவாளத்தோடு ஓட ஆரம்பித்திருக்கிறார். ஊருக்குப் பத்து கிலோமீட்டர். அந்தப் பெட்டியைத் தூக்கிக்கொண்டு ஓட முடியாது.

"மேல் தட்டுலயே விட்டுட்டு ஓடிட்டாரு மதினி. செருப்பு ரெண்டும் ஜல்லியில அறுந்துபோச்சு. வண்டி அதுக்கப்பறம் மதுரைக்குப் போயிருச்சு. நாங்க போய்ப் பாக்கையில பெட்டி இல்ல."

வாராவாரம் மதுரைக்குப் போய் நம்பரைச் சொல்லிக் கேட்டார்களாம். கிடைக்கவில்லை. நான் வத்தலக்குண்டில் கிடந்த நாலு மாதத்தில் இரண்டு பேரும் மெட்ராஸ் போய் இன்னொன்றைத் தேடிப் பிடித்து, சொசைட்டியில் மத்தியானச் சாப்பாட்டு நேரத்தில் என் மேஜை உளியை எடுத்துப் பெயர் குத்தியிருக்கிறார்கள். 

எங்கிட்ட ஏண்ணே சொல்லல என்று கேட்டேன்.

"நான் சொல்லச் சொன்னேன் மதினி. 'அவ பிள்ளையப் பறிகொடுத்துட்டுக் கெடக்கா. எனக்காக ஓடிவந்துதான் அப்பா வாத்தியம் போச்சுன்னு அதையும் சேத்து மனசுல போட்டுக்குவா. எம்மேல கோவமா இருந்துட்டுப் போகட்டும்'னுட்டாரு. அம்புட்டுத்தான். அதுக்கப்பறம் நீங்க கோவமாத்தான் இருந்தீங்க."

அவர் போன பிறகு படியிலேயே இருந்தேன். பால்காரர் வந்து இரண்டு தடவை கூப்பிட்டாராம்.

மார்ச் 28, பெரிய வியாழன்

கோயிலுக்குப் போக முடியவில்லை. இந்நேரம் சாமியார் பன்னிரண்டு பேருக்குக் கால் கழுவிக்கொண்டிருப்பார். எனக்கு ஒருவர் போதும். பிளாஸ்டிக் பேசினில் வெந்நீர் விளாவி அவர் கால் இரண்டையும் எடுத்து வைத்தேன். தினம் துடைக்கிற கால்தான். இன்றைக்குத்தான் பார்த்தேன். இடது பெருவிரலுக்குக் கீழே நீளமாக ஒரு பழைய தழும்பு. சின்ன வயதில் ஆணி குத்தியது என்று சொல்லியிருந்தார்.

"தாமரைப்பாடியில இருந்து ஓடியாந்தீங்களாமே," என்றேன்.

அவர் முகம் போன போக்கை எழுதத் தெரியவில்லை. திருடி மாட்டிக்கொண்டவர் மாதிரி முதலில். அப்புறம் அழுதார். நானும் அழுதேன். அழுதுகொண்டே திட்டினேன். என்னை என்னவென்று நினைத்தீர்கள், தாங்க மாட்டேன் என்றா, உங்கள் மேல் முப்பத்தொன்பது வருஷம் கோபமாக இருந்ததைத் தாங்கினேனே, அது லேசாக இருந்ததா என்று கேட்டேன். சொல்ல வேண்டியதைச் சொல்லாமலே இருந்ததால்தான் சாமி உங்கள் வாயைக் கட்டிப்போட்டார் என்றேன். சொன்ன உடனே நாக்கைக் கடித்துக்கொண்டேன். அவர் சிரித்தார். ஒரு பக்கம் மட்டும்.

மன்னிச்சிருங்க என்றேன். கல்யாணமான நாளிலிருந்து அந்தச் சொல்லை நான் அவரிடம் சொன்னதில்லை. இடது கையால் என் தலையைத் தொட்டார். தண்ணீர் ஆறிவிட்டது, மறுபடி வெந்நீர் ஊற்றினேன்.

மார்ச் 31, ஞாயிறு

ஈஸ்டர். கறிக்குழம்பு வைத்தேன். நஸ்ரின் நோன்பில் இருக்கிறாள், அவளுக்கு மட்டும் கேக் எடுத்து வைத்திருக்கிறேன், நோன்பு திறந்ததும் சாப்பிடட்டும். வாத்தியத்தின் வாய்ப்பகுதியைத் தனியாகக் கழற்றிக் கொடுத்து ஊதச் சொன்னேன். வாத்து கத்துகிற மாதிரி ஒரு சத்தம் வந்தது. எங்கள் வீட்டு அல்லேலூயா.

ஏப்ரல் 3, புதன்

புதிய சொல் இல்லை. நம்பர் மட்டும், மூன்று தடவை. இப்போது அதைச் சொல்லும்போது கூடவே நானும் சொல்கிறேன்.

ஏப்ரல் 8, திங்கள்

தவக்காலம் முடிந்ததும் கல்யாணம் வரிசை கட்டிவிட்டது. காலையில் பதினொரு மணிக்கு எங்கள் தெருவில் ஒரு மாப்பிள்ளை ஊர்வலம். வெளியூர் பேண்டு, தெரியாத முகங்கள். அவரை நாற்காலியோடு வாசலில் உட்காரவைத்துவிட்டு நான் கீரை ஆய்ந்துகொண்டிருந்தேன். சத்தம் கிட்டே வந்ததும் அவரைப் பார்த்தேன். கண் வேறு எங்கும் போகவில்லை. இரண்டாவது வரிசையில் ஒருவர் கழுத்தில் பழைய சாக்ஸபோன், பூச்சு போய்ப் பித்தளை கறுத்துக் கிடந்தது. இவர் இடது கை நாற்காலிப் பிடியை அழுத்தியது. எழுந்திருக்கப் பார்க்கிறார்.

நீங்க இருங்க என்று சொல்லிவிட்டு நான் ஓடினேன். 

பேண்டு நடுவில் போய் நின்று, ஐயா, அந்த வாத்தியத்தைக் கொஞ்சம் திருப்புங்க என்றேன். அந்த மனிதருக்கு ஐம்பது வயதிருக்கும், வாசிப்பதை நிறுத்தி என்னை ஒரு மாதிரி பார்த்தார். பின்னால் மாப்பிள்ளை கார் ஆரன் அடித்தது. கண்ணாடியை வேறு வீட்டிலேயே விட்டுவிட்டேன். எங்க வீட்டுக்காரர் பேண்டுக்காரர், அவர் பாக்கச் சொன்னார், நம்பர் மட்டும் படிச்சுச் சொல்லுங்க போதும் என்றேன். வாசலில் நாற்காலியில் இருக்கிறவரைக் காட்டினேன். அந்த மனிதர் இவரைப் பார்த்து ஒரு கும்பிடு போட்டார். பிறகு வாத்தியத்தைத் திருப்பி ஒவ்வொன்றாகப் படித்தார்.

நான்கில் ஆரம்பித்தது. நம்முடையது இல்லை. நல்ல பீஸ் என்று சொல்லிவிட்டுத் திரும்பினேன்.

"இது இல்லீங்க," என்றேன் அவரிடம். "போகட்டும். அடுத்த கல்யாணத்துல பாப்போம். நானே பாக்கறேன்."

அவர் ஊர்வலத்தையும் பார்க்கவில்லை, என் முகத்தையும் பார்க்கவில்லை. என் காலைப் பார்த்துக்கொண்டிருந்தார். தெருவில் தார் இளகிக் கிடக்கிறது. உள்ளங்கால் எரிவது எனக்கு அப்போதுதான் தெரிந்தது. அவர் வாய் கொஞ்ச நேரம் எதையோ தேடி அசைந்தது. நம்பர்தான் வரப்போகிறது என்று நினைத்து நானும் கூடச் சொல்ல வாயைத் திறந்தேன்.

"செருப்பு," என்றார். பிறகு, "எங்க?"

நோட்டை எடுக்க உள்ளே ஓடினேன்.

நஸ்ரின் பார்வைக்கு: காலை 11.20. செருப்பு, எங்க. இரண்டு சொல். யாரும் சொல்லிக்கொடுக்கவில்லை.